நீறு பூத்த நெருப்பு

நுழையும்முன்

அடுப்பில் எரிந்த விறகு தணலாகி, அதன்மேல் சாம்பல் படிந்துவிட்டால் பார்ப்பவர் கண்ணுக்கு நெருப்பு அணைந்தது போலத் தோன்றும். கையை வைத்தால்தான் சுடுவது தெரியும். வெளியே தெரியாமல் உள்ளே கனன்று கொண்டிருக்கும் இத்தகைய நிலையைத் தமிழர் ‘நீறு பூத்த நெருப்பு’ என்பர். நீறு என்பது சாம்பல். அவ்வாறு கனன்ற ஒரு நெருப்பு, இந்தியாவின் பெருநகரம் ஒன்றை ஒரே மாலையில் நிலைகுலையச் செய்தது. அந்த நிகழ்வையும் அது கற்றுத்தந்த பாடங்களையும் இப்பகுதி விளக்குகிறது.

தெருவில் ஒலிக்கும் மணி

பெங்களூரில் அல்சூர் ஏரிக்கு அருகில் அமைந்த பழைய குடியிருப்புகளுள் ஜோகுபாளையமும் ஒன்று. வீடுகள் ஒன்றையொன்று ஒட்டி நிற்கும் தெருக்கள் அங்கு உண்டு. வாசல்தோறும் இருசக்கர வண்டிகள் நிற்கும். எரிவாயு உருளைகளை ஏற்றிவரும் வண்டி அவற்றுக்கிடையே நுழைந்து செல்லும். அத்தகைய தெருவொன்றில் சிவப்பு நிறத் தீயணைப்பு வண்டி மணியொலியுடன் வந்தால் சிறுவர்கள் வாசலுக்கு ஓடிவந்து வேடிக்கை பார்ப்பார்கள். எல்லாரும் தீயிலிருந்து விலகி ஓடும்போது அவ்வண்டியில் இருப்பவர்கள் மட்டும் தீயை நோக்கிச் செல்கிறார்கள் என்பது அப்போது அவர்கள் நினைவுக்கு வருவதில்லை.

அதனை நினைவுபடுத்துவதற்கென்றே இந்தியாவில் ஒரு நாள் உண்டு. ஒவ்வோர் ஆண்டும் ஏப்ரல் 14 தீயணைப்புப் பணி நாளாகவும், ஏப்ரல் 14 முதல் 20 வரை தீயணைப்புப் பணி வாரமாகவும் கடைப்பிடிக்கப்படுகின்றன. ஏப்ரல் 14 என்றதும் தமிழ் வீடுகளில் சித்திரைப் புத்தாண்டும் மாங்காய்ப் பச்சடியும் நினைவுக்கு வரும். அதே நாள் தீயணைப்பு வீரர்களின் நினைவு நாளாகவும் ஆனதற்குக் காரணம், 1944ஆம் ஆண்டு பம்பாய்த் துறைமுகத்தில் நிகழ்ந்த வெடிவிபத்தாகும். பம்பாய் என்பது இன்றைய மும்பையின் முந்தைய பெயர்.

எல்லாவற்றையும் ஏற்றிய கப்பல்

அது இரண்டாம் உலகப் போர்க் காலம். பம்பாய்த் துறைமுகம் படைவீரர்களும் போர்க்கருவிகளும் வந்திறங்கும் இடமாக விளங்கியது. கப்பல்கள் போதாமையால் எந்தக் கப்பலும் வெற்றிடத்துடன் செல்லக்கூடாது என்ற நெருக்கடி நிலவியது.

‘ஃபோர்ட் ஸ்டிக்கீன்’ என்னும் சரக்குக் கப்பல் 1944 பிப்ரவரி 24 அன்று இங்கிலாந்தின் பர்க்கன்ஹெட் துறைமுகத்திலிருந்து புறப்பட்டது. 1942இல் கனடாவில் கட்டப்பட்ட அக்கப்பல் 7,000 டன்னுக்கும் சற்று மிகுதியான கொள்ளளவு உடையது. குண்டுகள், கண்ணிவெடிகள், நீர்மூழ்கிக் குண்டுகள் முதலாக ஏறத்தாழ 1,400 டன் வெடிபொருள்கள் அதில் ஏற்றப்பட்டிருந்தன. போர் வானூர்திகளும் இருந்தன. இவற்றுடன் 31 மரப்பெட்டிகளில், பெட்டிக்கு நான்கு வீதம், பொற்கட்டிகளும் இருந்தன.

வழியில் கராச்சித் துறைமுகத்தில் சரக்கின் ஒரு பகுதி இறக்கப்பட்டது. காலியான இடத்தில் ஏறத்தாழ 8,700 பஞ்சுப் பொதிகள், எண்ணெய்ப் பீப்பாய்கள், மரம், பழைய இரும்பு ஆகியவை ஏற்றப்பட்டன. எளிதில் தீப்பற்றும் பஞ்சும் எளிதில் வெடிக்கும் குண்டுகளும் ஒரே கப்பலில் பயணம் செய்தன. அதிலும், கப்பலின் இரண்டாம் எண் சரக்கறையில் கீழே பஞ்சும் மேலே வெடிபொருள்களும் அடுக்கப்பட்டிருந்தன. இது ஆபத்து என்பதைக் கப்பலில் இருந்தவர்கள் அறியாமல் இல்லை. எனினும், போர்க்காலத்தில் வேறு வழியில்லை என்று எண்ணி அனைவரும் அதனை ஏற்றுக்கொண்டனர்.

ஏப்ரல் 12 அன்று கப்பல் பம்பாயை அடைந்து, விக்டோரியா கப்பல்துறையில் கட்டப்பட்டது. வெடிபொருள் ஏற்றிய கப்பல் அதனை உணர்த்தும் சிவப்புக் கொடியை ஏற்றியிருக்க வேண்டும். ஃபோர்ட் ஸ்டிக்கீனில் அக்கொடி ஏற்றப்படவில்லை. அருகில் நின்ற கப்பல்களில் இருந்தவர்களுக்கும் கரையில் சுமை தூக்கியவர்களுக்கும் அது மற்றொரு சரக்குக் கப்பலாகவே தோன்றியது. வெடிபொருள்களை முதலில் இறக்கியிருந்தால் ஆபத்து குறைந்திருக்கும். அப்பணியும் தாமதமாயிற்று. இரண்டு நாள்களுக்குப் பின்னரும் அவற்றில் பெரும்பகுதி கப்பலிலேயே இருந்தது.

கண்டவர் சொல்லாத புகை

ஏப்ரல் 14, வெள்ளிக்கிழமை. நண்பகல் உணவு இடைவேளையில் தொழிலாளர்கள் கரையில் இளைப்பாறினர். அப்போதே ஃபோர்ட் ஸ்டிக்கீனின் காற்றுக் குழாய் ஒன்றிலிருந்து மெல்லிய புகைக்கீற்று எழுவதை அருகில் நின்ற கப்பல்களில் இருந்த சிலர் கண்டனர். ஆனால் அவர்கள் அதனை யாருக்கும் தெரிவிக்கவில்லை. ‘அக்கப்பலில் இருப்பவர்களுக்குத் தெரியாமலா இருக்கும்?’ என்று கருதிவிட்டனர்.

பிற்பகல் இரண்டு மணியளவில் தொழிலாளர்கள் திரும்பி வந்து சரக்கறையில் வேலையைத் தொடங்கியபோதுதான் பொதிகளுக்கு இடையிலிருந்து புகை வருவது தெரிந்தது. கவனக்குறைவாகப் போடப்பட்ட புகைந்த பீடி அல்லது சிகரெட் துண்டே தீக்குக் காரணமாக இருக்கக்கூடும் என்று பின்னர்க் கருதப்பட்டது. சிறிய தீயாக இருந்தபோது ஒருவர் குரல் கொடுத்திருந்தால் கிடைத்திருக்கக்கூடிய நேரம் வீணாயிற்று.

தீயணைப்பு நிலையத்திற்குத் தகவல் செல்வதிலும் தாமதம் நேர்ந்தது. முதலில் சில வண்டிகளே வந்தன. கப்பலில் இருப்பவை வெடிபொருள்கள் என்பதை அறிந்த பின்னரே கூடுதல் வண்டிகள் வரவழைக்கப்பட்டன.

முடிவெடுக்காத இரண்டு மணி நேரம்

பஞ்சுப் பொதியில் பற்றிய தீயை அணைப்பது எளிதன்று. பஞ்சு மிகுந்த அழுத்தத்துடன் கட்டப்பட்டிருந்தாலும் அதன் இழைகளுக்கு இடையே காற்று தங்கியிருக்கும். அக்காற்றைக் கொண்டே தீ பொதியின் உள்ளே சுடரின்றிக் கனன்று செல்லும். வெளியே ஊற்றும் நீர் பொதியின் மேற்புறத்தை நனைக்குமே தவிர, உள்ளே உடனே புகாது. நீறு பூத்த நெருப்பின் இயல்பு இதுவே.

வீரர்கள் சரக்கறைக்குள் 900 டன்னுக்கும் மேற்பட்ட நீரைப் பாய்ச்சினர். அடர்ந்த புகையால் தீ எங்கே உள்ளது என்பதை அவர்களால் கண்டறிய இயலவில்லை. நீர் உயர உயர, அதில் மிதந்த பஞ்சுப் பொதிகளும் மேலே எழுந்தன. மேலே இருந்தவையோ வெடிபொருள்கள். தீயை அணைக்க ஊற்றிய நீரே தீயை வெடிபொருள்களின் அருகில் கொண்டு சேர்த்தது. கப்பலின் இரும்புப் பக்கம் சூடேறி, அதன்மேல் பூசியிருந்த வண்ணம் கொப்புளித்தது. உள்ளே நீர் கொதித்தது.

சரக்கறையின் மூடியை அடைத்து, உள்ளே நீராவியைச் செலுத்துவது மற்றொரு முறை. நீராவி காற்றை வெளியேற்றுவதால் தீ மூச்சடங்கும். அதற்கான ஏற்பாடு இருந்தும் அது பயன்படுத்தப்படவில்லை.

கரையில் நின்ற அதிகாரிகளிடையே கருத்து வேறுபாடு நிலவியது. கப்பலை அங்கேயே மூழ்கடித்துவிட வேண்டும் என்றார் ஒருவர். அங்கு நீரின் ஆழம் போதாது என்ற மறுப்பு எழுந்தது. வெளிக்கடலுக்கு இழுத்துச் சென்றுவிடலாம் என்றார் மற்றொருவர். தொடர்ந்து நீர் பாய்ச்சினால் தீயை அடக்கிவிடலாம் என்றார் இன்னொருவர். ஒவ்வொருவருக்கும் தனித்தனிப் பொறுப்பு இருந்தது. எல்லாருக்குமாக முடிவெடுத்து ஆணையிடும் பொறுப்பு யாருடையது என்பது தெளிவாக இல்லை. ஏறத்தாழ இரண்டு மணி நேரம் இவ்வாறே கழிந்தது. இதற்கிடையே, செய்தி அறியாத மக்கள் துறைமுகத்தில் கூடிப் புகையை வேடிக்கை பார்த்தனர். அவர்களை விலக்கும் எச்சரிக்கை மணி ஒலிக்கவில்லை.

மாலை 4 மணி 6 நிமிடம்

மாலை 3.50 மணிக்குச் சரக்கறையிலிருந்து பெருஞ்சுடர் எழுந்தது. கப்பலை விட்டு வெளியேறுமாறு ஆணை பிறந்தது. எனினும், தீயணைப்பு வீரர்கள் பலர் நீர்க்குழாய்களைக் கையில் பற்றியவாறு கரையிலும் கப்பலின் அருகிலும் பணியைத் தொடர்ந்தனர்.

பதினாறு நிமிடங்களுக்குப் பின், 4.06 மணிக்குக் கப்பல் வெடித்து இரண்டாகப் பிளந்தது.

வெடிபொருள் வெடிக்கும்போது, அது கண்ணிமைக்கும் நேரத்திற்கும் குறைவான பொழுதில் மிக வெப்பமான வாயுவாக மாறுகிறது. அவ்வாயு முன்பு இருந்த இடத்தைவிடப் பன்மடங்கு இடத்தை வேண்டுகிறது. எனவே சுற்றியுள்ள காற்றைச் சுவர்போலத் தள்ளிக்கொண்டு விரிகிறது. இதுவே அதிர்வலை எனப்படும். கட்டடங்களைச் சாய்ப்பதும் தொலைவில் உள்ள கண்ணாடிகளை உடைப்பதும் இந்த அலையே. பம்பாயில் 12 கிலோமீட்டர் தொலைவில் இருந்த சன்னல் கண்ணாடிகளும் நொறுங்கின. வெகுதொலைவில் உள்ள சிம்லாவின் நில அதிர்வுக் கருவியும் இவ்வதிர்வைப் பதிவு செய்தது.

துறைமுக நீர் பேரலையாக எழுந்தது. ஏறத்தாழ 4,000 டன் கொண்ட ‘ஜலபத்மா’ என்னும் கப்பலின் பின்பகுதி நீரைவிட்டு உயர்ந்து, கரையில் இருந்த கிடங்கின்மேல் சாய்ந்தது. எரியும் பஞ்சும் காய்ச்சிய இரும்புத் துண்டுகளும் வானில் எழுந்து, நகரின்மேல் மழையெனப் பொழிந்தன. விழுந்த இடங்களிலெல்லாம் தீப்பற்றியது. 4.34 மணிக்குக் கப்பலின் மற்றொரு சரக்கறையில் இருந்த வெடிபொருள்களும் வெடித்தன. அவ்விரண்டாம் வெடிப்பு முதலாவதைக் காட்டிலும் பெரியது. முதல் வெடிப்புக்குப் பின் உதவிக்கு ஓடிவந்தவர்களுள் பலர் அதில் சிக்கினர்.

உயிரும் உடைமையும்

இவ்விபத்தில் 66 தீயணைப்பு வீரர்கள் உயிர்நீத்தனர். கப்பல் தலைவர் அலெக்சாண்டர் ஜேம்ஸ் நைஸ்மித்தும் மாண்டார். துறைமுகத் தொழிலாளர்கள், காவலர்கள், படைவீரர்கள், அருகில் குடியிருந்த எளிய மக்கள் எனப் பலரும் மாண்டனர். இறந்தோர் 740 பேர் என்பது அரசின் கணக்கு. மற்ற மதிப்பீடுகள் 800 முதல் 1,300 வரை வேறுபடுகின்றன. காயமுற்றோர் ஏறத்தாழ 2,500 பேர். 13 கப்பல்கள் அழிந்தன. ஏறத்தாழ 80,000 பேர் வீடிழந்தனர். ஏறத்தாழ 50,000 பேர் வேலையிழந்தனர்.

துறைமுகத்தை அடுத்த கிடங்குகளில் சேமித்திருந்த 50,000 டன்னுக்கும் மேற்பட்ட உணவுத் தானியம் எரிந்தது. முந்தைய ஆண்டில்தான் வங்காளம் கொடிய பஞ்சத்தைக் கண்டிருந்தது. நாடு முழுவதும் அரிசிக்குத் தட்டுப்பாடு நிலவிய அக்காலத்தில், எரிந்த ஒவ்வொரு மூட்டையும் எங்கோ ஒரு வீட்டின் உணவு.

தீயைக் கட்டுப்படுத்த மூன்று நாள்கள் ஆயின. ஏறத்தாழ 5,00,000 டன் இடிபாடுகளை அகற்றித் துறைமுகத்தை மீண்டும் இயக்க, 8,000 பேர் ஏழு மாதங்கள் உழைத்தனர். கப்பலைத் தாக்கியவர்கள் பகைவர்கள் அல்லர். எனினும், முதலில் பலரும் ஜப்பானியர் குண்டு வீசியதாகவே நம்பினர். அந்த அச்சம் காரணமற்றதன்று. 1942 ஏப்ரலில் விசாகப்பட்டினத்தின் மீதும் காக்கிநாடாவின் மீதும் ஜப்பானிய வானூர்திகள் குண்டு வீசின. அதே மாதத்தில் சென்னை மக்களும் பெருந்திரளாக நகரைவிட்டு வெளியேறினர். பம்பாய்ச் செய்தியை வெளியிட அரசு தடை விதித்தது. மறுநாளே ஜப்பானியர் வசமிருந்த சைகோன் வானொலி அதனை அறிவித்தது. நாட்டுச் செய்தியாளர்களுக்கோ மே மாதத்தில்தான் செய்தி அனுப்ப இசைவு கிடைத்தது. உண்மை வெளிவராத இடத்தில் வதந்தி விரைந்து பரவியது.

பொற்கட்டிகளும் சிதறின. துறைமுகத்திலிருந்து வெகுதொலைவில் வாழ்ந்த முதியவர் ஒருவரின் வீட்டில் பொற்கட்டி ஒன்று வந்து விழுந்தது. அவர் அதனை உரியவர்களிடம் ஒப்படைத்தார். கடலடியில் புதைந்தவற்றுள் பல, துறைமுகத்தைத் தூர்வாரும்போது மீட்கப்பட்டன. 2011ஆம் ஆண்டிலும் பொற்கட்டி கிடைத்தது. அதே ஆண்டில் வெடிக்காத குண்டு ஒன்றும் கிடைத்தது. 67 ஆண்டுகளுக்குப் பின்னும் அந்த ஆபத்து சேற்றுக்குள் காத்திருந்தது.

விசாரணை கண்டவை

பம்பாய் உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி தலைமையில் விசாரணைக் குழு அமைக்கப்பட்டது. இது சதியன்று, விபத்தே என்பது தெளிவாயிற்று. அக்குழு சுட்டிய குறைகள் பின்வருமாறு:

• வெடிபொருள்களுக்குக் கீழே பஞ்சை அடுக்கியமை.
• ஆபத்தைக் காட்டும் சிவப்புக் கொடியை ஏற்றாமை.
• வெடிபொருள்களை இறக்குவதில் தாமதம்.
• நீராவி முறையைப் பயன்படுத்தாமை.
• தீயணைப்பு நிலையத்திற்கு உடனே தெரிவிக்காமை.

இவற்றுள் ஒன்றேனும் நேராதிருந்தால் இழப்பு குறைந்திருக்கக்கூடும். ஒவ்வொரு குறையும் தனியே நோக்கின் சிறியதே. கொடி ஏற்ற ஒருவருக்குச் சில நிமிடங்கள் போதும். புகையைக் கண்டவர் ஒரு சொல் சொன்னால் போதும். அச்சிறு செயல்கள் செய்யப்படாமையால் பெருந்துயர் விளைந்தது. விபத்தின் பொறுப்பை அரசு ஏற்று, இழப்பீடு கோரியவர்களுக்குப் பணம் வழங்கியது. உயிரிழந்த தீயணைப்பு வீரர்களுக்கு மும்பை பைகுல்லாவில் உள்ள தீயணைப்புத் தலைமையகத்தில் நினைவுச்சின்னம் உள்ளது. ஏப்ரல் 14 நாடு முழுவதும் அவர்களுடைய நாளாயிற்று.

மீண்டும் நிகழ்ந்தவை, தவிர்க்கப்பட்டவை

76 ஆண்டுகளுக்குப் பின், 2020 ஆகஸ்டு 4 அன்று லெபனான் நாட்டின் தலைநகரான பெய்ரூட் துறைமுகத்தில் பெரும் வெடிவிபத்து நிகழ்ந்தது. உரமாகவும் வெடிபொருளாகவும் பயன்படும் அமோனியம் நைட்ரேட் 2,750 டன் அளவில் அங்கு ஒரு கிடங்கில் பல ஆண்டுகளாகக் கிடந்தது. அது ஆபத்து என்பதை அதிகாரிகள் அறிந்திருந்தனர். கடிதங்களும் எழுதப்பட்டன. ஆனால் அது அகற்றப்படவில்லை. கிடங்கில் தீப்பற்றியபோது அனுப்பப்பட்ட தீயணைப்புக் குழுவினருக்கு உள்ளே என்ன இருந்தது என்பது தெரியாது. அக்குழுவினர் அனைவரும் மாண்டனர். மொத்தத்தில் 200-க்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர். ஏறத்தாழ 3,00,000 பேர் வீடிழந்தனர்.

அச்செய்தி தமிழ்நாட்டிலும் ஒரு விளைவை உண்டாக்கியது. 2015இல் சுங்கத்துறை பறிமுதல் செய்த ஏறத்தாழ 700 டன் அமோனியம் நைட்ரேட் சென்னைக்கு அருகே மணலியில் உள்ள சரக்குப் பெட்டக நிலையத்தில் இருப்பது அப்போது பலருக்கும் தெரியவந்தது. மக்கள் கவலை தெரிவித்தனர். அதே ஆகஸ்டு மாதத்தில் அது ஏலம் விடப்பட்டு, ஐதராபாத்திற்குக் கொண்டு செல்லப்பட்டது. மணலியில் விபத்து நேரவில்லை. நேராத விபத்துக்கு நினைவுச்சின்னம் எழுப்புவதில்லை. ஆயினும் பாதுகாப்புப் பணியின் வெற்றி என்பது அதுவே.

எல்லா ஊர்களிலும் அவ்வெற்றி கிட்டவில்லை. 2023 அக்டோபர் 7 அன்று, பெங்களூரிலிருந்து ஓசூர் செல்லும் சாலையில் உள்ள அத்திப்பள்ளியில் பட்டாசுக் கிடங்கு ஒன்று தீப்பற்றி வெடித்தது. 14 பேருக்குக் குறையாமல் உயிரிழந்தனர். அவர்களுள் பெரும்பாலோர் தீபாவளிக்கால வேலைக்காகத் தமிழ்நாட்டிலிருந்து வந்திருந்த இளைஞர்கள். பிழைப்புக்காக ஊர்விட்டு ஊர் வருபவர்களே ஆபத்தான பொருள்களின் அருகில் பெரும்பாலும் வேலை செய்கிறார்கள். தாம் தூக்கும் பெட்டியில் என்ன உள்ளது, தீப்பற்றினால் எவ்வழியே வெளியேற வேண்டும் என்பவற்றை அறிவது அவர்களின் உரிமை. அதனைத் தெரிவிப்பது வேலை கொடுப்பவரின் கடமை.

வீட்டுக்குள் இருக்கும் கொடி

கப்பலில் ஏற்றப்படாத சிவப்புக் கொடியைப் போன்ற ஓர் எச்சரிக்கை ஒவ்வொரு சமையலறையிலும் உள்ளது. சமையல் எரிவாயுவுக்கு இயல்பில் மணம் இல்லை. கசிவை உணர்வதற்காகவே அதனுடன் கெட்ட நாற்றமுள்ள வேதிப்பொருள் ஒன்று கலக்கப்படுகிறது. அந்த நாற்றமே வீட்டின் சிவப்புக் கொடி.

இவ்வாயு காற்றைவிடக் கனமானது. எனவே கசிந்தால் தரையை ஒட்டியே தேங்கும். அந்நிலையில் மின்விசையை அழுத்தினால் தோன்றும் சிறு பொறியும் வெடிப்பை உண்டாக்கும். ஆதலால் மின்விசைகளைப் போடவோ அணைக்கவோ கூடாது. தீக்குச்சியைப் பற்றவைக்கக் கூடாது. உருளையின் அடைப்பானை மூடி, கதவு சன்னல்களைத் திறந்துவிட்டு, அனைவரும் வெளியேற வேண்டும். வெளியே சென்ற பின்னரே கைப்பேசியில் பேச வேண்டும். எரிவாயுக் கசிவைத் தெரிவிக்க 1906 என்ற எண்ணையும், தீ விபத்தைத் தெரிவிக்க 101 அல்லது 112 என்ற எண்ணையும் அழைக்கலாம். பக்கத்து வீட்டாரிடம் எந்த மொழியிலாவது சொல்ல வேண்டும். ஜோகுபாளையம் போன்ற தெருக்களில் ஒரு வீட்டில் தமிழும் அடுத்த வீட்டில் கன்னடமும் அதற்கடுத்த வீட்டில் உருதும் ஒலிக்கக்கூடும். ‘காஸ்’ என்ற ஒரு சொல்லும் கையசைப்பும் எல்லாருக்கும் புரியும்.

தீயணைப்பு வண்டி தெருவுக்குள் நுழையும்போது வாசலில் நிற்கும் வண்டிகளை நகர்த்தி வழிவிடுவதும், கூடி நின்று வேடிக்கை பாராமல் விலகி நிற்பதும் சிறுவர்களும் செய்யக்கூடிய உதவிகள். ‘அவர்களுக்குத் தெரியாமலா இருக்கும்?’ என்று 1944ஆம் ஆண்டு அந்த நண்பகலில் சிலர் எண்ணினர். தெரிந்திருந்தாலும் மீண்டும் ஒருமுறை சொல்வதால் இழப்பு ஒன்றுமில்லை. சொல்லாதுவிட்டால் நேரும் இழப்பு எத்தகையது என்பதைப் பம்பாய் காட்டியது.

தெரிந்துகொள்வோம்

1917 டிசம்பர் 6 அன்று கனடாவின் ஹாலிஃபாக்ஸ் துறைமுகத்தில் வெடிபொருள் ஏற்றிய கப்பல் ஒன்று, மற்றொரு கப்பலுடன் மோதித் தீப்பற்றியது. தொடர்வண்டி நிலையத்தில் பணியாற்றிய வின்சென்ட் கோல்மன் என்னும் தந்திப் பணியாளர் அந்த ஆபத்தை அறிந்தார். வந்துகொண்டிருந்த தொடர்வண்டியை நிறுத்துமாறு அவர் தந்தி அனுப்பினார். வெடிப்பில் அவர் உயிர்நீத்தார். அவர் அனுப்பிய செய்தியால் உதவியும் விரைவில் வந்து சேர்ந்தது. அவ்விபத்தில் 1,700-க்கும் மேற்பட்டோர் மாண்டனர்.

சொல்லும் பொருளும்

நீறு – சாம்பல்
தணல் – கனன்று எரியும் நெருப்பு
சரக்கறை – கப்பலில் சரக்கு வைக்கும் அடித்தள அறை
பொதி – கட்டப்பட்ட மூட்டை
கிடங்கு – பொருள்களைச் சேமித்து வைக்கும் இடம்
வதந்தி – உறுதி செய்யப்படாத செய்தி
இழப்பீடு – இழப்பை ஈடுசெய்யத் தரும் பணம்
தூர்வாருதல் – நீர்நிலையின் அடியில் படிந்த சேற்றை அகற்றுதல்

பயிற்சி

அ. கோடிட்ட இடங்களை நிரப்புக.

1. பம்பாய்த் துறைமுக வெடிவிபத்து நிகழ்ந்த ஆண்டு ________.
2. வெடிபொருள் ஏற்றிய கப்பல் ஏற்ற வேண்டியது ________ கொடி.
3. இவ்விபத்தில் உயிர்நீத்த தீயணைப்பு வீரர்கள் ________ பேர்.
4. சமையல் எரிவாயு காற்றைவிட ________.

ஆ. பிரித்து எழுதுக.

1. பஞ்சுப்பொதி
2. புகைக்கீற்று
3. வெடிபொருளாகும்
4. நினைவுச்சின்னம்

இ. ஓரிரு தொடர்களில் விடை எழுதுக.

1. ‘நீறு பூத்த நெருப்பு’ என்பதன் பொருள் யாது?
2. பஞ்சுப் பொதியில் பற்றிய தீயை நீரால் அணைப்பது கடினம். ஏன்?
3. புகையைக் கண்டவர்கள் ஏன் தெரிவிக்கவில்லை?
4. விபத்துக்கு ஜப்பானியரே காரணம் என மக்கள் நம்பியது ஏன்?

ஈ. சுருக்கமாக விடை எழுதுக.

1. தீயை அணைக்க ஊற்றிய நீர் எவ்வாறு ஆபத்தை மிகுவித்தது?
2. பெய்ரூட்டில் நிகழ்ந்ததையும் மணலியில் நிகழ்ந்ததையும் ஒப்பிடுக.

உ. விரிவாக விடை எழுதுக.

விசாரணைக் குழு சுட்டிய ஐந்து குறைகளுள் எதனை மிகப் பெரிய குறையாகக் கருதுகிறாய்? காரணம் கூறி எழுதுக.

ஊ. செயல்பாடு

1. ‘நீறு பூத்த நெருப்பு’ என்னும் தொடரை, தீயைக் குறிக்காமல் மனித உறவையோ மனநிலையையோ குறிக்குமாறு சொந்தத் தொடரில் அமைத்து எழுதுக.
2. வீட்டுப் பெரியவர்களுடன் சேர்ந்து, எரிவாயு உருளையின் அடைப்பானை மூடும் முறையைக் கேட்டறிக. அவசர எண்களைத் தமிழிலும் கன்னடத்திலும் எழுதிச் சமையலறைக்கு வெளியே ஒட்டுக.
3. தீயணைப்பு நிலையத்திற்குத் தகவல் தெரிவிக்கும்போது என்னென்ன கூற வேண்டும் என்பதை உரையாடலாக எழுதி, வகுப்பில் இருவராகப் பேசிக் காட்டுக.